பூண்டு சேர்த்த உருளைக்கிழங்கு மசியல்

கல்லூரி மலரின் தமிழ்ப்பகுதியைப் புரட்டுவோர் அங்கே கம்பன் கவிநயத்தையும் வள்ளுவர் வகுத்த அறநெறியையும் எதிர்பார்த்தல் இயல்பே. அவ்வாறு எதிர்பார்த்து வந்த நண்பர் சிலர், அடுக்களைப் பொருளொன்றைத் தலைப்பிலே கண்டு, ‘தமிழ்ச் சிறப்பு வகுப்பிற் பயிலும் நுமக்கு உருளைக்கிழங்கோடு யாது தொடர்பு?’ என்று நகைத்தலும் கூடும். அவர்க்கு யாம் கூறும் விடை ஒன்றுண்டு. சங்கச் சான்றோர் அடுக்களையை இழிந்த இடமாகக் கருதினாரல்லர். குறுந்தொகையின் 167-ஆம் பாட்டிலே கூடலூர் கிழார் நமக்குக் காட்டுவது புதிதாய் இல்லறம் புக்க ஓர் இளம்பெண்ணின் சமையலையே. அவள் கட்டித் தயிரைக் கையாலே குழைக்கின்றாள். அக்கையை உடுத்த ஆடையிலே துடைத்துக்கொள்கின்றாள். தாளிப்பின் புகை கண்ணிலே படிவதையும் பொருட்படுத்தாது தானே துழாவிச் சமைக்கின்றாள். கணவன் அதனைச் சுவைத்துப் பாராட்டி உண்ண, அவள் முகம் பிறர் அறியாவண்ணம் மலர்கின்றது. அம்மகளின் வீட்டுக்குச் சென்று வந்த செவிலித்தாய் இவற்றையெல்லாம் நற்றாய்க்கு எடுத்துரைக்கின்றாள். ஆறடிக்குள் அடங்கும் அப்பாட்டின் பொருள் சமையல் மட்டுமன்று. ஒருவர் மற்றொருவர்க்காகக் கைவருந்தி ஒன்றைக் குழைத்துக் கொடுத்தலின் பெருமையே அதன் பொருள். யாம் எழுதப் புகுவதும் அத்தகைய ஒரு குழைத்தலைப் பற்றியே ஆகும்.

முதற்கண் கிழங்கின் வரலாற்றைச் சிறிது கூறுவோம். கபிலர் பறம்புமலையைப் பாடுங்கால், உழவர் உழாமலே அம்மலை தரும் நான்கு பொருள்களுள் வள்ளிக்கிழங்கையும் ஒன்றாக வைத்துப் பாடினார்; அது புறநானூற்றின் 109-ஆம் பாட்டு. அக்காலத்துத் தமிழர் உருளைக்கிழங்கை அறியார். அதன் தாயகம் தென் அமெரிக்காவின் ஆண்டிசு மலைத்தொடர். இன்று பெரு, பொலிவியா என வழங்கும் நாடுகளின் உயர்ந்த மலைப்புறங்களிலே பழங்குடி மக்கள் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்னரே அதனைப் பயிரிட்டு உண்டனர். 16-ஆம் நூற்றாண்டிலே இசுபானியர் அதனை ஐரோப்பாவுக்குக் கொண்டுசென்றனர். அங்கும் அது எளிதில் வரவேற்பைப் பெறவில்லை. அது நோய் விளைக்கும் என்று அஞ்சினோர் பலர். பிரான்சு நாட்டிலே பார்மெந்தியே என்பார் பெரிதும் முயன்ற பின்னரே, 1772-ஆம் ஆண்டில் பாரிசு நகரத்து மருத்துவ அறிஞர் குழாம் அஃது உண்ணத்தக்கதே என்று தீர்ப்பளித்தது. இங்கிலாந்திலோ அதற்கு முன்னரே, 1747-ஆம் ஆண்டில் ஹன்னா கிளாஸ் என்னும் அம்மையார் வெளியிட்ட சமையல் நூலில், வெந்த கிழங்கைப் பாலும் வெண்ணெயும் உப்பும் சேர்த்து மசிக்கும் முறை கூறப்பட்டுள்ளது.

நம் தமிழகத்து மலைகளுக்கு இக்கிழங்கு வந்தது 1820-களில் ஆகும். கோயம்புத்தூர் மாவட்ட ஆட்சியராயிருந்த ஜான் சல்லிவன் உதகமண்டலத்தில் வீடு கட்டிக் குடியேறியபோது, தம் நாட்டுக் காய்கறிகளோடு இதனையும் அங்கே பயிராக்கினார். நீலகிரிக் குளிரும் செம்மண்ணும் அதற்கு ஏற்றனவாயின. உதகைக்கு அணித்தேயுள்ள முத்தோரையில் 1957-ஆம் ஆண்டிலே இதற்கென ஓர் ஆராய்ச்சி நிலையமும் அமைந்தது. மலையில் விளைந்த கிழங்கு மேட்டுப்பாளையம் ஏலமண்டிகளின் வழியே சமவெளிச் சந்தைகளுக்கு இறங்குகின்றது. வந்தவனுக்கு நம் முன்னோர் வேற்றுமொழிப் பெயரை அப்படியே வழங்காது, அவன் வடிவைக் கண்டு ‘உருளை’ என்று தமிழ்ப்பெயர் சூட்டியது மகிழத்தக்கது. எனினும் எல்லா அடுக்களைகளும் அவனை ஏற்றுக்கொண்டன என்று கூறுதற்கில்லை. காஞ்சி வரதராசப் பெருமாள் கோயிலிலே மிளகும் சீரகமும் சுக்கும் சேர்த்து, மந்தாரை இலை பரப்பிய மூங்கிற்குடலையில் வேகவைக்கும் இட்டலி பெயர் பெற்றது. அக்கோயில் மடைப்பள்ளி மரபில் இக்கிழங்குக்கும் இடமில்லை, பூண்டுக்கும் இடமில்லை. அந்நகருக்கு அயலே வாழும் எம் வீட்டிலே இவ்விரண்டும் ஒரு பாத்திரத்திற் கூடியதற்குக் காரணம் நாச்சுவையன்று, நோய்.

எம் இல்லம் ஏனாத்தூரில் உள்ளது. பல்கலைக்கழகமும் மருத்துவக்கல்லூரியும் எழுந்தமையால் அவ்வூரின் தோற்றம் இந்நாளிற் பெரிதும் மாறிவிட்டது. எம் தந்தையார் ஒரகடத்துத் தொழிற்சாலைக்கு நாள்தோறும் பேருந்தேறிச் செல்கின்றார். நெசவாளர் மக்கள் பலர் சென்ற வழி அதுவே. ஆயினும் எம் வீட்டு முன்கூடத்திலே ஒரு குழித்தறி உண்டு. எம் பாட்டனார் அக்குழியிற் காலை விட்டு அமர்ந்து ஐம்பது ஆண்டுகள் பட்டு நெய்தவர். உடலும் கரையும் வெவ்வேறு நிறமாய் அமையும் கோர்வைப் புடவையே அவர்க்கு உவப்பான வேலை. சென்ற ஆண்டு கார்த்திகைத் திங்களிலே ஒருநாட் காலையில் அவர்க்குப் பக்கவாதம் கண்டது. வலக்கையும் வலக்காலும் தளர்ந்தன, சொல் குழறிற்று. உயிர்க்கு இறுதி இல்லையென்று மருத்துவர் கூறி, மூக்குவழி உணவூட்டிய குழாயையும் எடுத்துவிட்டு, இருபது நாளில் அவரை இல்லத்துக்கு அனுப்பினர். அப்போது எமக்குப் பேச்சுக் குறையே பெரிதாகத் தோன்றிற்று. விழுங்குதலும் ஒரு திறம் என்பதும், அதனையும் ஒருவர் இழந்துவிடக்கூடும் என்பதும் அதன் பின்னரே எமக்கு விளங்கின.

பேச்சும் விழுங்கலும் பயிற்றும் அம்மையார் ஒருவர் அதனை எமக்குத் தெளிவாக எடுத்துரைத்தார். தொண்டையினின்று உணவுக்குழலும் மூச்சுக்குழலும் பிரியும் இடத்திலே, நாம் விழுங்குந்தோறும் மூச்சின் வாயில் நொடிப்பொழுது மூடிக்கொள்கின்றது. தசைகள் தளர்ந்தபோது அம்மூடுதல் காலந்தாழ்க்கும். அந்நிலையிலே தண்ணீரைப் போல் விரைந்தோடும் பொருள் மூச்சுக்குழலுட் புகுந்து நுரையீரலிலே தங்கிச் சளிக்காய்ச்சலை விளைக்கும். கட்டியும் திப்பியும் உள்ள பொருள் தொண்டையை அடைக்கும். பிசுபிசுப்பாக ஒட்டும் பொருளோ அண்ணத்திலும் தொண்டையிலும் தங்கி, மூச்சு விடுங்கால் உள்ளே நழுவும். ஆகவே நீர்த்ததும் ஆகாது, கட்டியுள்ளதும் ஆகாது, ஒட்டுவதும் ஆகாது. இம்மூன்று குற்றமும் நீங்கியதே அவர்க்கு உணவு என்பது அவ்வம்மையார் விதித்த விதி. 2013-ஆம் ஆண்டிலே பல நாட்டு அறிஞரும் கூடித் தொடங்கிய ஐ.டி.டி.எஸ்.ஐ. என்னும் குழு, உணவையும் பானத்தையும் 0 முதல் 7 வரை எட்டு நிலைகளாக வகுத்திருக்கின்றது. அவற்றுள் நான்காம் நிலையே எம் பாட்டனார்க்கு உரியதென்று சீட்டிலே குறித்துக் கொடுத்தார்.

அந்நிலையை வீட்டிலேயே சோதித்தறியும் வழியும் எளிது. ஒரு கரண்டி உணவை எடுத்தால் அது குவிந்து நிற்றல் வேண்டும். பரவி வழிதல் கூடாது. கரண்டியைச் சாய்த்தால் முழுதும் ஒருங்கே வழுக்கி விழுதல் வேண்டும். கரண்டியிலே அப்பிக் கிடத்தல் கூடாது. நீர் தனியே பிரிந்து நிற்றலும் கூடாது. இவ்விதியை எழுதிய தாளை எம் தங்கை அடுக்களைச் சுவரில் ஒட்டிவைத்தாள்.

விதி கிடைத்தது, உணவு கிடைத்திலது. கஞ்சியைக் கெட்டியாகக் காய்ச்சி அன்னையார் நாள்தோறும் ஊட்டினார். பருப்பும் கேழ்வரகும் கரைத்து வடிகட்டிக் கொடுத்தார். பாட்டனார் முதல் வாரம் உண்டார். இரண்டாம் வாரம் முகத்தைத் திருப்பினார். மூன்றாம் வாரம் யாம் கிறிஸ்துமஸ் விடுமுறைக்கு விடுதியினின்று வீடு வந்து சேர்ந்தோம். அன்று மாலை கஞ்சிக் கிண்ணத்தோடு அருகே சென்றபோது, இடக்கையால் அதனை மெல்ல விலக்கி, ஒவ்வொரு சொல்லாகத் தேடி, ‘கஞ்சி பாவுக்குடா கண்ணு, எனக்கில்லே’ என்றார். அவர் உடல் மெலிந்திருந்தது. அதனினும் எம்மை வருத்தியது வேறொன்று. எந்நாளும் எங்களோடு பாயில் அமர்ந்து, செபம் சொல்லி, முதற்கவளம் எடுப்பவர், நோய் வந்த பின்னர் நாங்கள் உண்ணும் வேளையிலே சுவர்ப்புறம் திரும்பிப் படுத்துக்கொண்டார். தமக்கென்று தனிக் கிண்ணமும், தம் வாயைத் துடைக்கத் தனித் துணியும் வைத்திருப்பதை எல்லார் முன்னும் காட்ட அவர் நாணினார். நோயாளிக்குப் பசி மட்டுமா உண்டு? மானமும் உண்டன்றோ?

செங்கற்பட்டினின்று வந்திருந்த எம் அத்தையார், தம் தந்தைக்கு இளமை முதலே உருளைக்கிழங்கு விருப்பம் என்பதை நினைவூட்டி, மறுநாள் அதனைக் குக்கரிற் குழைய வேகவைத்து, மிக்சியில் இட்டுப் பாலூற்றி அரைத்தார். கட்டியென்று ஒன்றும் அதில் இல்லை. பார்வைக்குப் பட்டுப்போல் மின்னிற்று. ஆனாற் கரண்டியைச் சாய்த்தபோது அது விழவில்லை, இழுத்தால் நீண்டது. வாயில் இட்ட சிறிதளவும் பாட்டனாரின் அண்ணத்தில் ஒட்டிக்கொண்டு இருமலை வருவித்தது. நல்ல வேளையாகத் தீங்கு நேரவில்லை. அன்போடு செய்தது அவ்வாறானதே என்று அத்தையார் கண்கலங்கினார்.

அதன் காரணத்தை ஆராய்ந்தபோது, விடை எம் முன்கூடத்துத் தறியிலேயே இருந்தது. பட்டுப் பாவை அதிகாலையில் தெருவின் நீளத்துக்கு இழுத்துக் கட்டி, அரிசிக்கஞ்சி தெளித்து உலர்த்தும் வேலையைச் சிறுவயது முதல் யாம் கண்டிருக்கின்றோம். அரிசியின் உள்ளே அடங்கிக் கிடந்த மாப்பொருள் கொதியிலே வெளிப்பட்டுப் பசையாகி, இழைதோறும் படிந்து, இழையை விறைப்பாக்குகின்றது. அதனால் அச்சின் உராய்வை இழை தாங்குகின்றது. உருளைக்கிழங்கிலும் அம்மாப்பொருளே நிறைந்துள்ளது. ஆயின் அது கண்ணுக்குப் புலனாகா நுண்ணறைகளில் அடைபட்டிருக்கின்றது. கிழங்கு வேகுங்கால் அவ்வறைகளுள் மாமணிகள் நீரை உண்டு பருக்கின்றன. அறைகளை ஒன்றோடொன்று பிணைக்கும் பொருளும் இளகுகின்றது. அப்போது மெல்ல அழுத்தினால் அறைகள் உடையாமலே தனித்தனியே பிரிந்துவிடும். பிரிந்தவை நாவிலே வெண்ணெய்போல் உருளும். மிக்சியின் கூரிய அலகோ அவ்வறைகளையெல்லாம் கிழித்து, உள்ளிருந்த மாவை வெளியே கொட்டுகின்றது. அவ்வாறு வெளிவந்தது பாவுக்கு இடும் கஞ்சியின் உடன்பிறப்பே. எம் பாட்டனார் கஞ்சியை வேண்டாவென மறுத்தார். பொறியோ கிழங்கையே கஞ்சியாக்கிற்று. தறிக்கு வலிமை தருவது தொண்டைக்குப் பகையாயிற்று. இதனை உணர்ந்த பின்னர், கிழங்கை நசுக்காமற் பிரிப்பது எங்ஙனம் என்பதொன்றே எம் ஆராய்ச்சிப் பொருளாயிற்று.

இனி, யாம் கண்ட முறையைக் கூறுவோம். முதலிற் கிழங்கின் தேர்வு. உருளைக்கிழங்கு இருவகைப்படும். மாப்பொருள் மிகுந்து, வெந்தபின் பூப்போல் உதிர்வது ஒன்று. நீர் மிகுந்து, வெந்தபின்னும் மெழுகுபோல் உருக்குலையாது நிற்பது மற்றொன்று. முன்னது மசியலுக்கும், பின்னது பொரியலுக்கும் குழம்புக்கும் ஏற்றன. கடைக்காரர் கூறும் ஊர்ப்பெயரைக்கொண்டு மட்டும் இதனைத் துணிதல் அரிது. ஒரு பங்கு உப்பைப் பதினொரு பங்கு நீரிற் கரைத்துக் கிழங்கை இட்டால், மா மிகுந்தது அமிழும்; நீர் மிகுந்தது மிதக்கும். காஞ்சிச் சந்தையில் வாங்கிய கிழங்குகளை இவ்வாறு சோதித்து, அமிழ்ந்தவற்றையே மசியலுக்கு வைத்துக்கொண்டோம். பச்சை படர்ந்த கிழங்கையும், முளைவிட்ட கிழங்கையும் நீக்கினோம். அவற்றில் நச்சுப்பொருள் மிகும். குளிர்ப்பெட்டியிலும் வைத்தோமில்லை, அக்குளிரிலே கிழங்கின் மா இனிப்பாக மாறும்.

அரைக் கிலோ கிழங்கைத் தோல் சீவி, ஒரே அளவான துண்டுகளாக நறுக்கி, உப்பிட்ட தண்ணீரில் இட்டு அடுப்பேற்றினோம். கொதிநீரில் இட்டால் மேற்புறம் குழையும், நடு வேகாது. தண்ணீரில் தொடங்கினால் வெப்பம் சீராக உட்செல்லும். கத்திமுனை தடையின்றி இறங்கும்வரை, ஏறக்குறைய இருபது நிமிடம், மெல்லிய கொதியிலே வைத்தோம். பின்னர் நீரை முற்றும் வடித்து, வெறும் பாத்திரத்தைச் சிறுதீயில் இரண்டு நிமிடம் குலுக்கினோம். கிழங்கின் மேலிருந்த ஈரம் ஆவியாகி, ஓரங்கள் வெண்பொடி பூத்தன. இந்த ஈரத்தைப் போக்காதார் மசியல் நீர்த்துப்போகும். அவர் ஊற்றும் பாலுக்கும் அதில் இடமிராது.

கிழங்கு வேகும் பொழுதிலேயே மற்றோர் அடுப்பிற் பூண்டு வெந்துகொண்டிருந்தது. கொடைக்கானல் மலைப்பூண்டு மணத்தாற் புகழ்பெற்றது; 2019-ஆம் ஆண்டிலே புவிசார் குறியீடும் பெற்றது. அதில் பத்துப் பற்களைத் தோலுரித்து, வெட்டாமலும் தட்டாமலும் இருநூறு மில்லிலிட்டர் பாலில் இட்டு, சிறுதீயில் மிக மெத்தென ஆகும்வரை காய்ச்சினோம். வெட்டாமை ஏன் எனின், பச்சைப்பூண்டிலே காரம் ஆயத்தமாக இல்லை. பல்லை நசுக்கும்போதோ வெட்டும்போதோ, வெவ்வேறு அறைகளில் இருந்த இரு பொருள்கள் கலந்து, அல்லிசின் என்னும் காரப்பொருள் பிறக்கின்றது. முழுப்பல்லாகவே வேகவைத்தால், அக்கலப்பை நிகழ்த்தும் நொதி வெப்பத்தாற் செயலிழந்துவிடும். காரம் பிறவாது, இனிய மணமே எஞ்சும். காரம் தொண்டையை உறுத்தி இருமலை எழுப்பும் என்று அஞ்சிய எமக்கு இவ்வறிவு பெரிதும் உதவிற்று. சளி பிடித்தவர்க்குப் பூண்டுப்பால் காய்ச்சித் தந்த நம் பாட்டிமார் இதன் காரணம் அறியாராயினும் பயனை நன்கறிவர்.

அடுத்து மசிக்கும் கருவி. நம்மவர் கீரை கடையும் மத்து இதற்கு ஓரளவு உதவும். ஆயினும் அதனால் நெடுநேரம் கடைந்தால் அறைகள் உடையும். மேனாட்டார் இதற்கெனத் துளையிட்ட அழுத்துகருவி ஒன்று வைத்திருக்கின்றனர். அதன் படத்தைக் கண்டபோது, அஃது எம் வீட்டுப் பரணிலே கிடக்கும் இடியாப்பக் குழலேயன்றி வேறன்று என்று கண்டு வியந்தோம். சூடான கிழங்கை அதில் இட்டு ஒரேமுறை அழுத்தினால் வேலை முடிந்தது. அரைத்தலும் இல்லை, கிழித்தலும் இல்லை. கிழங்கு சூடாயிருத்தல் இன்றியமையாதது. ஆறியபின் மாப்பொருள் இறுகும். அதனை அழுத்தினால் அறைகள் பிரியா, உடையும்.

பிழிந்த கிழங்கிலே முதலில் ஐம்பது கிராம் வெண்ணெயை இட்டுக் கரண்டியால் மெல்லப் புரட்டினோம். வெண்ணெய் முந்திச் சென்று மாவைப் போர்த்துக்கொள்வதால், பின்வரும் பாலின் ஈரம் அதனைப் பசையாக்குதல் குறையும். பிரான்சு நாட்டுச் சமையல் வல்லுநர் ரோபுஷோன் ஒரு கிலோ கிழங்குக்குக் கால் கிலோ வெண்ணெய் சேர்த்து உலகப்புகழ் பெற்றார். எம்போன்ற இல்லத்தார்க்கு அதில் பாதிக்கும் குறைவே போதும். பின்னர்ப் பூண்டுப் பற்களைக் கரண்டியால் மசித்து அப்பாலிலேயே கலந்து, சூடாகவே சிறிது சிறிதாக ஊற்றிக் கிளறினோம். பால் முழுவதையும் ஊற்றவேண்டுமென்பதில்லை; கரண்டியிற் குவிந்து நிற்கும் பதம் வந்ததும் நிறுத்தினோம். இறுதியில் எல்லாவற்றையும் மெல்லிய சல்லடையின் வழியே ஒருமுறை தேய்த்து இறக்கி, உப்புச் சேர்த்தோம். உடல்நலமுள்ளார்க்கு இச்சல்லடை வேண்டுவதில்லை. விழுங்கற்குறையுடையார்க்கு ஒரு சிறு கட்டியும் பகையாதலின் எமக்கு வேண்டியதாயிற்று.

கிறிஸ்துமஸ் நாளன்று நண்பகலில், வீட்டிலுள்ளார் அனைவர்க்குமாக இரண்டு கிலோ கிழங்கு வெந்தது. பாட்டனாரை நாற்காலியில் நிமிர்ந்து அமரச்செய்து அடுக்களை வாயிலுக்கே கொண்டுவந்தோம். எம் தங்கை குழலைப் பிடிக்க, யாம் அழுத்தினோம். வெண்ணிற இழைகள் தாம்பாளத்தில் இறங்கின. இறங்கும்போதே துண்டு துண்டாய் உதிர்ந்தன. ஐம்பது ஆண்டு இழையையே நோக்கிய அக்கண்கள் அவற்றைக் கூர்ந்து நோக்கின. சற்றுப் பொறுத்து, ‘இழ அறுந்து அறுந்து விழுது, தறிக்கு ஆவாது’ என்றார். நோய் கண்ட நாள் முதல் அவர் வாயினின்று நகைச்சொல் பிறந்தது அதுவே முதன்முறை. அன்னையார் கையிலிருந்த கரண்டியை வைத்துவிட்டு நகைத்தார். அத்தையார் நகைத்தவாறே அழுதார். அவர் குற்றமாகக் கூறிய அதுவே மசியலுக்குக் குணம் என்பதை யாம் எடுத்துக் கூறினோம். அறாது நீண்ட இழையாக வந்திருப்பின் கிழங்கு பசையாயிற்று என்பது பொருள். அறுந்து உதிர்வதே அறைகள் உடையாமைக்குச் சான்று. அவர் தலையசைத்து ஏற்றுக்கொண்டார்.

கரண்டியைச் சாய்த்தோம், மசியல் முழுதும் ஒருங்கே விழுந்தது. அன்று யாவரும் அந்த ஒரு பாத்திரத்தினின்றே எடுத்து உண்டோம். எங்கள் தட்டிலே கோழிக்குழம்பும் உடனிருந்தது உண்மையே. ஆயினும் அவர் தட்டில் இருந்தது எம் ஒவ்வொருவர் தட்டிலும் இருந்தது. ஒருவர்க்கெனத் தனியே ஆக்கிய நோயுணவாக அஃது இல்லை. பாட்டனார் இடக்கையாற் கரண்டியைத் தாமே பிடித்தார். செபத்தை அவரே சொன்னார், சொற்கள் குழறின, முடியும்வரை ஒருவரும் இடைமறித்திலர். பாதிக் கரண்டியாக, ஒன்று இறங்கியபின் மற்றொன்றாக, நாற்பது நிமிடம் உண்டார். ஒருமுறையும் இருமவில்லை.

அந்நாற்பது நிமிடம் எமக்கு மேலும் ஒன்றைக் கற்பித்தது. மசியல் ஆற ஆற இறுகும். தொடக்கத்தில் நான்காம் நிலையில் இருந்தது, மெல்ல உண்பவர் தட்டிலே முடிவில் ஒட்டத் தொடங்கும். ஆகவே வெந்நீர்ப் பாத்திரத்தின் மேலே கிண்ணத்தை வைத்து, சிறிது சிறிதாகவே பரிமாறி, இடையிடையே கரண்டிச் சோதனை செய்து, வேண்டுமாயிற் சூடான பால் சிறிது கலந்தோம். உண்டபின் அரைமணி நேரம் அவர் நிமிர்ந்தே அமர்ந்திருந்தார். கிழங்கு மட்டும் ஒருவர் உடலை வளர்க்கப் போதாதாகலின், அடுத்தடுத்த நாள்களில் வடிகட்டிய பருப்பையும், நன்கு வெந்து மசிந்த முட்டையையும் அதனோடு கலந்தோம். விழுங்கற்குறையுடையார் எல்லார்க்கும் நான்காம் நிலையே உரியதென்று எவரும் கொள்ளற்க. யார்க்கு எந்நிலை என்பதை அறிந்து கூறுதல் மருத்துவர் பொறுப்பு. கூறிய பதத்தைக் கரண்டியளவும் பிழையாது ஆக்கித் தருதல் இல்லத்தார் பொறுப்பு.

மணிமேகலை பசித்தோர்க்கு அமுதசுரபியிற் சோறு வழங்கிய நகரங்களுள் காஞ்சியும் ஒன்று என்று அக்காப்பியம் கூறுகின்றது. மழையின்றி வற்கடமுற்ற நாளிலே அவள் அங்கே சென்று, குருடரும் செவிடரும் முடவரும் உள்ளிட்ட யாவர்க்கும் ஊட்டினாள். வகுப்பிலே அப்பகுதியைப் படித்தபோது, எடுக்க எடுக்கக் குறையாத பாத்திரமே எமக்கு வியப்பாயிற்று. இப்போது வேறொரு வினா எழுகின்றது. அத்தனை வகையினர்க்கும் சோறு ஒரே பதத்தில் இறங்கியிருக்குமா? பல் இல்லாதார்க்கும் தொண்டை தளர்ந்தார்க்கும் யாரோ ஒருவர் அதனைக் குழைத்துக் கொடுத்திருத்தல் வேண்டும். அவர் பெயரைச் சாத்தனார் பாடிற்றிலர். ஆயினும் அங்கே அவர் இருந்தே இருப்பர் என்று எமக்குத் தோன்றுகின்றது.

சித்திரைத் திங்களில் பாட்டனார்க்கு மீண்டும் சோதனை நடந்தது. இன்று அவர் குழைந்த சோறும், சாம்பாரில் ஊறிய இட்டலியும் உண்கின்றார்; தண்ணீரை மட்டும் இன்னும் சிறிது கெட்டியாக்கியே தருகின்றோம். வலக்கை முழுதும் திரும்பவில்லை. தறிக்குழியைப் பலகையிட்டு மூடிவிட்டோம். பாதி நெய்த பாவைச் சங்கத்தார் வேறொருவர்க்கு மாற்றிக் கொடுத்தனர். அதனைக் கழற்றிய நாளில் அவர் முன்கூடத்துக்கு வரவில்லை. எங்களோடு உண்ண வருவதை மட்டும் அவர் இதுவரை நிறுத்தியதில்லை.

விடுதியிலிருந்து யாம் வீடு செல்லும் சனிக்கிழமைகளில் இப்போதும் பரணினின்று இடியாப்பக் குழல் இறங்கும். அவர்க்கு இனி மசியல் மருந்தன்று; விருப்பம். பூண்டு இன்னும் இரண்டு பல் கூட இருக்கலாம் என்பது அவர் கருத்து. போதும் என்பது அன்னையார் கருத்து. அவ்வழக்கு இன்னும் தீரவில்லை.